நனைத்து வைத்த சாக்குகள்

ஹெல்லே,
12 பிப்ரவரி 1884

அன்புத் தம்பி ஐவினுக்கு,

கர்த்தர் கிருபையால் எனக்கு மூக்குச்சளியைத் தவிர வேறு குறை இல்லை. உங்கள் மூன்று பேருக்கும் அதுகூட இல்லாமல் இருக்கட்டும்.

நீ டிசம்பரில் எழுதிய கடிதம் நேற்றுதான் கிடைத்தது. பாதிரியார் வீட்டு வண்டியில் வந்ததால் ஊரில் பாதிப் பேர் உறையைத் தடவிப் பார்த்துவிட்டுத்தான் என்னிடம் கொடுத்தார்கள். டகோட்டாவிலிருந்து வந்த தபால்தலை என்றால் இங்கே அவ்வளவு மவுசு.

உன் கடிதம் முழுக்கப் புலம்பலாக இருக்கிறது. பழைய புல் கம்பளி மாதிரி தரையை மூடிக்கிடக்கிறது, அடியில் புதுப்புல் தலைகாட்ட ஜூன் ஆகிவிடுகிறது, மாடு கறுப்பி எலும்பும் தோலுமாக நிற்கிறது என்று எழுதியிருக்கிறாய். ஏன்டா, நாலு வருஷத்தில் எல்லாம் மறந்துபோய்விட்டதா? அப்பா மார்ச் மாதம் பிறந்ததும் என்ன செய்வார்? மேட்டுப் புதருக்குத் தீ வைப்பார். மே மாதம் அங்கேதான் ஆடுகள் வயிறு வெடிக்க மேயும். நீயும் நானும் கிளை ஒடித்து ஓரங்களில் அடித்து அணைத்ததும், உன் புருவம் கருகி நீ ஒரு மாதம் ஆந்தை மாதிரித் திரிந்ததும் நினைவில்லையா? பழசை எரித்தால்தான் புதுசு வரும். பனி போனதும், தரை காய்ந்து, காற்று ஒரே பக்கமாக லேசாக வீசும் நாளாகப் பார்த்து வை. இங்கே போல, தீயை நிறுத்த அங்கே கடல் இல்லையே என்பாய். வீட்டுக்குக் கிழக்கே ஓடை இருக்கிறது என்று நீதானே எழுதினாய். அது போதும். இதையெல்லாம் ஒருத்தி கடல் தாண்டி எழுதிச் சொல்ல வேண்டியிருக்கிறது.

உன் வீட்டுக்காரி மாரித் கடைசியில் எழுதியிருந்த நாலு வரியை நாலு தரம் படித்தேன். நீ இரண்டு பக்கம் எழுதியும் சொல்லாததை அவள் நாலு வரியில் சொல்லிவிடுகிறாள். இந்தத் தடவையும் அவள் எழுதட்டும்.

வழக்கம்போல என்னை அங்கே வரச் சொல்லியிருக்கிறாய். வழக்கம்போல என் பதில்: கடல் இல்லாத ஊரில் எனக்கு மூச்சு முட்டும். ஒரு வயதில் கப்பல் ஏறிப் போன சுன்னிவாவுக்கு இந்த அத்தையின் முத்தங்கள்.

உன் அக்கா,
குன்வோர்


டகோட்டா,
30 மார்ச் 1884

அன்புள்ள அக்காவுக்கு,

உன் சளி இதற்குள் போயிருக்கும் என்று நம்புகிறேன். நாங்கள் மூவரும் சுகம்.

நீ திட்டி எழுதியது நியாயம்தான். அதைப் படித்தபோது அப்பா பக்கத்தில் நின்று திட்டுவது மாதிரியே இருந்தது. எனக்கு எப்படி இது தோன்றாமல் போனது என்று தெரியவில்லை. மரமில்லாத ஊருக்கு வந்து, மண்ணைக் கட்டிகட்டியாக வெட்டி வீடு கட்டி, புல்லை முறுக்கி விறகாக எரித்துப் பிழைக்கும்போது, ஊரில் செய்த எதுவும் இங்கே செல்லாது என்று நினைப்பு வந்துவிடுகிறது. இது செல்லும். பனி போய்ப் பத்து நாளாகிறது. மேகமே இல்லை. புல் நன்றாகக் காய்ந்திருக்கிறது. இரண்டு நாளாகக் காற்று கொஞ்சம் அதிகம். அது தணிந்ததும் வைத்துவிடுவேன்.

அடுத்த வருஷம் மே மாதம் இந்த நிலத்தில் எங்களுக்கு ஐந்து வருஷம் முடிகிறது. இங்கேயே குடியிருந்தோம், உழுதோம் என்று இரண்டு பேர் சாட்சி சொன்னால் பட்டா என் பெயருக்கு வந்துவிடும். பக்கத்து நிலத்துக்காரர் ஆஸ்முண்ட் ஒரு சாட்சி. நம் நாட்டின் கிழக்குப் பள்ளத்தாக்குக்காரர். கடலைப் பார்த்ததே கப்பல் ஏறின அன்றைக்குத்தான் என்பார்.

நீ வந்துவிடு அக்கா. ஒரு அறை கூடுதலாகக் கட்டுகிறேன். கடல் இல்லைதான். ஆனால் காற்று வீசும்போது புல் அலை அலையாக அடிக்கும். பார்த்தால் உனக்குப் பிடிக்கும்.

அன்புடன் உன் தம்பி,
ஐவின்

அன்புள்ள அக்கா, மாரித் எழுதுகிறேன். என் கோழிக்கிறுக்கலை உங்கள் தம்பி படிக்கக் கூடாது என்பது ஒப்பந்தம். உறையை ஒட்டுவது நான்தான். அதனால் தைரியமாக எழுதலாம். ஆகஸ்டில் சுன்னிவாவுக்குத் துணை வருகிறது. இதை அடுத்த கடிதத்தில் தானே எழுத வேண்டும் என்று அவர் வைத்திருக்கிறார். நான் முந்திக்கொண்டேன். தெரியாத மாதிரி இருங்கள்.

தீ வைக்கப்போவதில் இவருக்கு ஒரே குஷி, சின்னப் பையன் மாதிரி. அடித்து அணைக்க இங்கே பல் குத்தக்கூடக் குச்சி கிடையாது. அதனால் மூன்று கோதுமைச் சாக்குகளைப் பீப்பாய்த் தண்ணீரில் நனையப் போட்டு வைத்திருக்கிறேன். மூன்றாவது தனக்கு என்று சுன்னிவா அடம் பிடிக்கிறாள். அவளை உருளைக்கிழங்குக்கு உழுத மண்ணில் நிற்கவைத்து, பொறி பறக்கிறதா என்று பார்க்கும் பெரிய உத்தியோகம் கொடுத்திருக்கிறேன். உங்கள் கடிதங்களை எல்லாம் காபித் தகரப்பெட்டியில் சேர்த்து வைக்கிறேன். பெட்டி நிறையப்போகிறது. அடுத்த பெட்டிக்காகக் காபி நிறையக் குடிக்கிறேன்.


ஹெல்லே,
11 மே 1884

அன்புத் தம்பிக்கும் மாரித்துக்கும்,

நான் சுகம். உங்கள் சுகத்தைக் கேட்க எனக்கு இப்போது இரட்டைக் காரணம் இருக்கிறது.

எனக்கு எதுவும் தெரியாது. ஆகையால் வெள்ளைக் கம்பளி நூலில் உள்ளங்கை அளவுக் காலுறைகள் பின்னிக்கொண்டிருப்பதற்கு எந்தக் காரணமும் இல்லை. பூனைக்காக இருக்கலாம். மாரித், நீ கனம் தூக்காதே. கிணற்றிலிருந்து தண்ணீர் இறைப்பதை அவனிடம் விடு. சின்ன வயதில் நான் அவனை எவ்வளவு வேலை வாங்கினேன் என்று கேட்டுப் பார். செத்துவிடவில்லை.

இங்கே மேட்டில் தீ வைத்து இரண்டு மாதமாகிறது. இந்த வருஷமும் தீயைத் தொடங்கிவைக்க என்னைத்தான் கூப்பிட்டார்கள். அப்பாவுக்குப் பிறகு காற்றைப் பார்த்து நாள் சொல்ல இந்த ஊரில் என்னை விட்டால் ஆள் இல்லை. இப்போது கருப்புத் தரை முழுக்கப் பச்சை. உங்கள் பக்கம் எப்படி? கறுப்பி தின்கிறதா? பால் கூடியிருக்கிறதா? எல்லாவற்றையும் எழுது. நான் சொன்னது சரியாக இருந்தால் அதையும் மறக்காமல் எழுது. புகழ்ச்சி எனக்கு ஒத்துக்கொள்ளும்.

உங்கள் அக்கா,
குன்வோர்


டகோட்டா,
29 ஜூன் 1884

அன்புள்ள அக்காவுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. சுகமாக இருக்கிறாய் என்று அறிந்து சந்தோஷம்.

நீ புல்லைப் பற்றிக் கேட்டிருந்தாய். நீ சொன்னபடியே வந்திருக்கிறது. முழங்கால் உயரம். கறுப்பி தேறிவிட்டது. காலையிலும் மாலையிலும் வாளி நிறையப் பால்.

மே மாதம் நல்ல மழை. கோதுமை பரவாயில்லை. சுன்னிவாவுக்கு முன்பல் விழுந்தது. "பல்லு விழுந்துருச்சுன்னு அத்தைக்கு எழுதுங்க, ஆனா நான் அழலைன்னும் எழுதுங்க" என்றாள். எழுதிவிட்டேன்.

மாரித்துக்கு இந்தத் தடவை எழுத முடியவில்லை.

வேறு விசேஷம் இல்லை. உடம்பைப் பார்த்துக்கொள்.

ஐவின்


ஹெல்லே,
10 ஆகஸ்ட் 1884

அன்புத் தம்பிக்கு,

நான் நலம். உன் கடிதத்தைப் பார்த்தால் நீ நலமா என்று தெரியவில்லை. வரி எண்ணி எழுதும் வழக்கம் உனக்கு எப்போது வந்தது?

ஒரு பெட்டி அனுப்பியிருக்கிறேன். நம் ஊரிலிருந்து சிகாகோ போகும் ஒரு குடும்பத்திடம் கொடுத்தேன். அங்கிருந்து ரயிலில் வந்து சேரும். காலுறை மூன்று ஜோடி, தொப்பி ஒன்று, நீ பிறந்தபோது உன்னைச் சுற்றி எடுத்த அதே பழைய சால்வை. அது வந்து சேர்வதற்குள் அதைச் சுற்றிக்கொள்ள யாராவது இருக்க வேண்டும். ஆணா பெண்ணா என்று எழுது. ஆணாக இருந்தால் அப்பா பெயர். பெண்ணாக இருந்தால் என் பெயரை வைத்துத் தொலைக்காதே. அதை எழுத்துக்கூட்டக் கற்பதற்குள் பிள்ளை பெரியவளாகிவிடுவாள்.

மாரித் எழுதவில்லை. கை வலியா, வேலையா, இல்லை என் மேல் கோபமா? கனம் தூக்காதே என்று நான் அதிகாரமாக எழுதியது பிடிக்கவில்லையோ என்னவோ. அவளிடம் கேட்டுச் சொல். கோபமாக இருந்தால் கோபமாக நாலு வரி எழுதச் சொல். வாங்கிக்கொள்கிறேன். எதுவுமே இல்லாமல் காகிதத்தின் அடிப்பகுதி காலியாக இருப்பதைப் பார்க்க எனக்குப் பிடிக்கவில்லை.

இன்னொன்று. நாலு வருஷமாக ஒவ்வொரு கடிதத்திலும் "வந்துவிடு அக்கா" என்பாய். இந்தத் தடவை இல்லை. வர மாட்டேன் என்று எழுதத் தயாராக உட்கார்ந்தவளுக்கு ஏமாற்றமாகப் போய்விட்டது.

குன்வோர்


டகோட்டா,
5 அக்டோபர் 1884

அன்புள்ள அக்காவுக்கு,

நீ சுகம் என்று தெரிந்தது. பெட்டி வந்து சேர்ந்தது. எல்லாம் நனையாமல் வந்திருந்தன.

குழந்தை தங்கவில்லை அக்கா. இதை எழுத எனக்கு இவ்வளவு நாளாயிற்று. வீட்டுக்குப் பின்னால் மேட்டில் அடக்கம் செய்திருக்கிறோம். அந்த இடத்தைச் சுற்றி இரண்டு சால் உழுது விட்டிருக்கிறேன். மாரித்தைக் கேட்டு எதுவும் எழுதாதே. அவளுக்கு உன் மேல் எந்தக் கோபமும் இல்லை. அதை மட்டும் என்னால் நிச்சயமாகச் சொல்ல முடியும்.

கோதுமை அறுத்தாகிவிட்டது. ஆஸ்முண்ட் வந்து உதவினார். அவர் மனைவி ஷெர்ஸ்தி அடிக்கடி வந்து ரொட்டி சுட்டுக் கொடுத்துவிட்டுப் போகிறாள். சுன்னிவா உயரமாகிவிட்டாள். நான் அடுப்பு பற்றவைக்கும்போதெல்லாம் வெளியே போய் நின்றுகொள்கிறாள். எரியத் தொடங்கியதும்தான் உள்ளே வருவாள். பிள்ளைகளுக்கு என்னென்னவோ பழக்கம்.

நீ பின்னிய தொப்பியைத் தன் பொம்மைக்குப் போட்டிருக்கிறாள். எடுக்க மனம் வரவில்லை.

ஐவின்


ஹெல்லே,
16 நவம்பர் 1884

அன்புத் தம்பிக்கு,

உன் கடிதத்தைப் படித்தேன். நான் நலம் என்று எழுத வெட்கமாக இருக்கிறது. பூனைக்குக் காலுறை என்றெல்லாம் நான் எழுதிய கேலியை நினைத்தால் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல் இருக்கிறது.

மாரித்தைக் கேட்டு எழுதாதே என்றாய். கேட்கவில்லை. ஆனால் எழுதாமலும் இருக்க முடியவில்லை. இதோடு தனியாக ஒரு தாள் வைத்திருக்கிறேன். அது அவளுக்கு மட்டும். நீ படிக்கக் கூடாது. அவள் கையில் கொடு. அவள் எப்போது படிக்கிறாளோ அப்போது படிக்கட்டும்.

குன்வோர்


(உடன் வைத்த தாள்)

மாரித், என் கண்ணே,

பதில் போட வேண்டும் என்று இதை எழுதவில்லை. நீ படித்தால் போதும்.

உனக்குத் தெரியாத ஒன்றைச் சொல்கிறேன். உங்கள் கல்யாணத்தன்று சமையல்கட்டில் நின்று நான் பெண்களிடம், "இவ்வளவு ஒல்லியா இருக்கா, ஒரு குளிர்காலம் தாங்குவாளான்னு பாருங்க" என்று சொன்னேன். நீ பின்னால் நின்றுகொண்டிருந்தாய் என்று பிறகுதான் தெரிந்தது. நீ அதைக் கேட்டாயா இல்லையா என்று ஐந்தாறு வருஷமாக எனக்குள் ஒரு அரிப்பு. நீ எழுதும் நாலு வரியில் ஒரு நாளாவது அது வெளிப்படுமா என்று தேடிப் பார்ப்பேன். ஒரு நாளும் வரவில்லை. கேட்டிருந்தால் நீ என்னைவிடப் பெரிய மனசுக்காரி. கேட்காமல் இருந்தால் இப்போது கேட்டுக்கொள். என்னை மன்னித்துவிடு.

நான் பொறாமையில் பேசினேன். அம்மா போனபோது அவனுக்கு நாலு வயது. அவனை வளர்த்ததில் என் கல்யாண வயது போயிற்று. அதற்காக நான் வருந்தியதில்லை. ஆனால் அவன் கையைப் பிடித்துக்கொண்டு ஒருத்தி வந்து நின்றபோது எனக்கு வயிறு எரிந்தது. அதை இதுவரை யாரிடமும் சொன்னதில்லை.

உன் பிள்ளைக்காக நான் அழுகிறேன். நீ அங்கே சிரிக்க முடிகிற நாளில் எனக்கு ஒரு வரி எழுது. அதுவரை காகிதத்தின் அடிப்பகுதி காலியாக இருக்கட்டும், நான் காத்திருப்பேன்.

உன் குன்வோர்


டகோட்டா,
20 ஜனவரி 1885

அக்கா,

நீ மாரித்துக்கு எழுதிய தாளை நான் படித்துவிட்டேன். என்னை மன்னித்துவிடு. அவள் கையில் கொடுக்க முடியாது. கிறிஸ்துமஸ் அன்று மேட்டுக்கு எடுத்துப் போய், சத்தமாக அவளுக்கு வாசித்தேன். ஒரு வரியும் விடவில்லை. அது அவளுக்குச் சேர வேண்டியது.

அவள் போய் ஒன்பது மாதத்துக்கு மேல் ஆகிறது. ஏப்ரல் நான்காம் தேதி. பிள்ளையும் அவளோடுதான் போயிற்று. அக்டோபரில் நான் உனக்கு எழுதியது பாதி உண்மை. மீதியை இப்போது எழுதுகிறேன்.

நீ சொன்னபடி தீ வைக்கலாம் என்று இருந்தேன். காற்று சரியில்லை என்று விட்டுவிட்டேன். ஏப்ரல் இரண்டாம் தேதி பகலில் மின்னல் விழுந்து புல் பற்றிக்கொண்டது. முதலில் மெதுவாகத்தான் போயிற்று, ஊரில் போகிற மாதிரி. பிறகு காற்று திரும்பியது. இங்கே காற்று திரும்பினால் தீ நடப்பதில்லை அக்கா, குதிரை மாதிரி ஓடுகிறது. ஓடையை அது ஓடையாகவே மதிக்கவில்லை. ஒரே தாவு. பீப்பாயில் நனைந்துகொண்டிருந்த மூன்று சாக்கையும் எடுத்துக்கொண்டு மாரித் வந்தாள். நானும் அவளும் அடித்தோம். கறுப்பி கட்டுத்தறியில் கிடந்து கதறியது. அதை அவிழ்க்க அவள் ஓடினாள். அவிழ்த்தும் விட்டாள். திரும்பி வரும்போது பாவாடையில் பிடித்துக்கொண்டது.

சுன்னிவா உழுத மண்ணில், நிற்கச் சொன்ன இடத்திலேயே நின்றாள். அவள் மேல் ஒரு பொறிகூட விழவில்லை. மண்கட்டி வீடும் எரியவில்லை. ஆஸ்முண்டின் வைக்கோல் போர் இரண்டும் போயின. அவர் ஓடிவந்து உழுத மண்ணைக் காட்டி ஒன்றே ஒன்றுதான் சொன்னார்: "இந்த ஊர்ல தீயை நிறுத்துறது தண்ணி இல்லப்பா. உழுத சாலுதான்." பட்டாவுக்கு இன்னும் அவரேதான் சாட்சி. போன வாரமும் வந்து உறுதி சொல்லிவிட்டுப் போனார். நான் தலை நிமிரவில்லை.

மாரித் இரண்டு நாள் இருந்தாள். ஷெர்ஸ்தி பக்கத்திலேயே இருந்தாள். மாரித்துக்கு நினைவு தெளிவாக இருந்தது. உனக்கு ஏன் இத்தனை நாள் எழுதவில்லை என்று கேட்பாய். அவள்தான் வேண்டாம் என்றாள். "அக்காவுக்கு எழுதாதீங்க. இது அவங்களுக்குத் தெரியவே வேணாம். அவங்க தாங்கமாட்டாங்க." இதைத்தான் திரும்பத் திரும்பச் சொன்னாள். நான் சத்தியம் செய்து கொடுத்தேன். இப்போது அதை உடைத்துவிட்டேன். அந்தத் தாளைப் படித்த பிறகு, நீ அவளுடைய ஒரு வரிக்காகக் காத்திருப்பதை என்னால் பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை.

அந்தப் புல் நன்றாக வந்தது என்று எழுதினேனே, அது பொய் இல்லை. கறுப்பி வாளி வாளியாகக் கறந்தது. அந்தப் பாலை என்னால் குடிக்க முடியவில்லை. சுன்னிவா குடிக்கிறாள். குடிக்கட்டும்.

என்னைப் பற்றிக் கவலைப்படாதே. உன் கடலை விட்டு வர வேண்டாம்.

ஐவின்


ஹெல்லே,
29 மார்ச் 1885

என் ஐவினுக்கு,

உன் கடிதம் மார்ச் நான்காம் தேதி வந்தது. பதில் எழுத இத்தனை நாள் ஆனதற்கு உடம்பு காரணம் இல்லை. உடம்பு நன்றாகத்தான் இருக்கிறது. அதுதான் எனக்கு எரிச்சலாக இருக்கிறது.

கடிதம் வந்த மறுவாரம் மேட்டில் தீ வைக்க என்னைக் கூப்பிட ஆட்கள் வந்தார்கள். கதவைத் திறக்கவில்லை. அவர்களே வைத்தார்கள். ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். தீ சாவகாசமாக இறங்கிப் போய்க் கடலோரத்தில் அடங்கியது. பெண்கள் சிரித்துக்கொண்டே கிளையால் ஓரங்களை அடித்தார்கள். யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. வாழ்நாள் முழுக்க நான் தீயைத் தெரிந்தவள் என்று ஊர் சொல்லிற்று, நானும் நம்பினேன். எனக்குத் தெரிந்தது தீ இல்லை. கடல் நிறுத்தியதை நான் நிறுத்தியதாக நினைத்துக்கொண்டிருந்தேன்.

அன்றைக்கு உங்கள் கடிதங்களை எல்லாம் எடுத்துத் தேதிப்படி அடுக்கி வைத்துப் படித்தேன். மின்னல் என்று எழுதியிருக்கிறாய். சரி, மின்னல். ஆனால் உனக்கு ஒரு விஷயம் தெரியாது. மாரித் போன வருஷம் மார்ச்சில் எனக்கு எழுதிய கடைசி வரிகளில் சாக்குகளைப் பற்றிச் சொல்லியிருந்தாள். எதற்காக நனைய வைத்தாள் என்றும் எழுதியிருந்தாள். சுன்னிவா எங்கே நிற்கப்போகிறாள் என்றும் எழுதியிருந்தாள். தீ வைப்பதை நீ விட்டுவிட்டிருந்தால், அன்றைக்கும் சாக்குகள் ஏன் பீப்பாயில் நனைந்துகொண்டிருந்தன? மின்னல் விழப்போகிறது என்று யாரடா முன்கூட்டியே சாக்கை நனைத்து வைப்பார்கள்? மின்னலுக்கா நான் தாங்கமாட்டேன் என்று அவள் சொன்னாள்? மின்னலுக்கா நீ ஆஸ்முண்ட் முன்னால் தலை நிமிராமல் நின்றாய்?

உன்னைக் குறுக்குக் கேள்வி கேட்க எழுதவில்லை. பொய் சொல்ல உனக்குச் சின்ன வயதிலேயே வராது. ஒரு வருஷம் தனியாக இருந்து கஷ்டப்பட்டு ஒரு பொய்யைக் கட்டியிருக்கிறாய். எனக்காகக் கட்டியிருக்கிறாய். அதைப் பிரிக்க எனக்கு மனமில்லை. ஆனால் பிரிக்காமல் இருந்தால் இனி உன் முகத்தை நான் எப்படிப் பார்ப்பது? கடல் சூழ்ந்த ஊரில் உட்கார்ந்துகொண்டு, கடல் இல்லாத ஊருக்குத் தீ வைக்கச் சொல்லிக்கொடுத்தவள் நான். ஓடை போதும் என்று எழுதியவள் நான். அந்த ஓடையை நான் கண்ணால் பார்த்ததுகூட இல்லை. பிறகு மே மாதம் உட்கார்ந்து, நான் சொன்னது சரியா, பால் கூடிற்றா, என்னைப் புகழ்ந்து எழுது என்று கேட்டேன். நீயும் புல் நன்றாக வந்திருக்கிறது என்று பதில் எழுதினாய். அந்த வரியை எழுத நீ எவ்வளவு நேரம் உட்கார்ந்திருந்தாயோ.

ஒல்லி என்று நான் இளக்காரம் பேசிய பெண், உயிர் போகிற நேரத்தில் தன் வலியை விட்டுவிட்டு என்னைப் பற்றி யோசித்திருக்கிறாள். நான் தாங்கமாட்டேன் என்று. அவள் சொன்னது சரிதான். தாங்க முடியவில்லை. ஆனாலும் காலையில் எழுந்து ஆட்டுக்கு வைக்கோல் போடுகிறேன். இப்படித்தான் நீயும் ஒரு வருஷம் இருந்திருக்கிறாய்.

உன் மேல் குற்றம் இல்லை என்று நான் எழுத, என் மேல் குற்றம் இல்லை என்று நீ எழுத, இரண்டு பேரும் கடலுக்கு அப்பாலும் இப்பாலும் இருந்து சாகிறவரை பொய் எழுதிக்கொண்டிருக்க வேண்டாம். ஒரே வீட்டில் இருந்தால் இதைப் பேசாமலாவது இருக்கலாம்.

அதனால் வருகிறேன். நீ கூப்பிடவில்லை. கூப்பிட்ட நாலு வருஷமும் வராதவள், வேண்டாம் என்ற பிறகு வருகிறேன். ஆடுகளுக்கு விலை பேசிவிட்டேன். குத்தகையை விட்டாயிற்று. ஈஸ்டர் முடிந்ததும் பெர்கனில் கப்பல் ஏறுகிறேன். மே மாதம் நீ பட்டா வாங்கப் போகும் நாளில் சுன்னிவாவைப் பார்த்துக்கொள்ள ஆள் இருக்கும். அடுப்பை இனி நான் பற்றவைக்கிறேன். அவள் வெளியே போய் நிற்க விரும்பினால், எரிய வைத்துவிட்டு நானும் வெளியே போய் அவளோடு நிற்கிறேன். பிறகு இரண்டு பேருமாக உள்ளே வருவோம். கூடுதல் அறை எதுவும் கட்டாதே. என்னை அந்த மேட்டுக்குக் கூட்டிக்கொண்டு போ. தாளில் எழுதியதை நீ வாசித்துவிட்டாய். நான் நேரில் சொல்ல வேண்டியது பாக்கி இருக்கிறது.

நான் வரும்வரை நீயும் குழந்தையும் பத்திரமாக இருங்கள். ஆஸ்முண்டுக்கும் ஷெர்ஸ்திக்கும் என் வணக்கம். அவர்கள் முகத்தைப் பார்க்க எனக்குப் பயமாக இருக்கிறது என்று அவர்களிடம் சொல்ல வேண்டாம்.

உன் அக்கா,
குன்வோர்

மறந்துவிட்டேன். தீ வைக்கச் சொல்லி போன வருஷம் பிப்ரவரியில் நான் எழுதிய கடிதம் மாரித்தின் காபிப் பெட்டியில் இருக்கும். நான் வருகிறேன் என்று அதை எடுத்து எங்கேயாவது ஒளித்துவைக்காதே. அடுப்பிலும் போடாதே. அது அங்கேயே இருக்கட்டும். வந்து நானே எடுத்துக்கொள்கிறேன்.